பண்டைத் தமிழகத்தில் அறுவை மருத்துவம்

பண்டைத் தமிழகத்து அறுவை மருத்துவத்துக்கான சான்றுகள் சங்கப் பாட்டிலும், பக்தி இலக்கியத்திலும், கோயில் சுவர்க் கல்வெட்டிலும், சித்த மருத்துவச் சுவடியிலுமாகச் சிதறிக் கிடக்கின்றன. கிரேக்க நாட்டில் ஹிப்போகிரட்டீசு பெயரால் ஒரு நூல் தொகுதியே இருக்கிறது. உரோமில் செல்சசும் காலெனும் எழுதியவை கிடைக்கின்றன. வட இந்தியாவில் சுசுருத சங்கிதை இருக்கிறது. தமிழகத்தில் கத்தி பிடித்த மருத்துவன் தன் பெயரில் அப்படி ஒரு நூலை விட்டுச் செல்லவில்லை. அவன் செய்த வேலையைப் புலவன் பார்த்துப் பாடினான்; கோயில் கணக்கன் அவனுக்கு அளந்த நெல்லைக் கல்லில் வெட்டி வைத்தான். இந்தச் சிதறல்களைச் சேர்த்துப் பார்த்தால் ஒரு செய்தி தெளிவாகிறது. மருந்து அறிந்தவனும் கத்தி அறிந்தவனும் இங்கே வெகு காலத்துக்கு முன்பே தனித்தனி ஆட்களாகப் பிரிந்துவிட்டார்கள். பின்னாளில் அறுவைக் கலை தேய்ந்ததற்கு அந்தப் பிரிவே பெரிய காரணம்.

மிகப் பழைய சான்று பதிற்றுப்பத்தில் உள்ளது. அதன் ஐந்தாம் பத்தில் சேரன் செங்குட்டுவனைப் பாடும் பரணர், அவன் வீரர்களின் மார்பில் இருந்த தையல் தழும்புகளைக் காட்டுகிறார். புண்ணைத் தைத்த ஊசி நீளமானது, வெண்மையானது. அது தசைக்குள் போய் வெளியே வருவதைச் சொல்ல, குளத்து நீரில் மீனுக்காக மூழ்கி எழும் சிரல் என்னும் மீன்கொத்தியை உவமையாக்குகிறார். தையல் போடும் கையை நேரில் பார்க்காத ஒருவருக்கு இந்த உவமை தோன்றியிருக்காது. ஊசி ஒரு விளிம்பில் இறங்கி, கண்ணுக்கு மறைந்து, மறு விளிம்பில் எழும் அந்த ஒரு கணத்தைப் பரணர் பிடித்திருக்கிறார். போர்க்களத்தில் கிழிந்த மார்பைத் தைத்து, ஆறவைத்து, வீரனை மீண்டும் களத்துக்கு அனுப்பும் அளவுக்குத் தேர்ந்த ஆட்கள் படையோடு இருந்தார்கள் என்று இதிலிருந்து கொள்ளலாம்.

தைத்த பிறகு நடந்த பராமரிப்பைப் புறநானூற்றில் அரிசில்கிழார் பாட்டு சொல்கிறது. காயம்பட்டவன் கிடக்கும் வீட்டின் இறவாரத்தில் இரவ மரத்து இலையும் வேப்பிலையும் செருகுகிறார்கள். யாழும் பிற கருவிகளும் ஒலிக்கின்றன. மை பூசுகிறார்கள், வெண்சிறுகடுகைத் தூவுகிறார்கள், மணி அடித்துக் காஞ்சிப் பண் பாடுகிறார்கள், வீடு முழுதும் நறும்புகை போடுகிறார்கள். இதில் பேயை விரட்டும் நம்பிக்கையும் உண்டு, வேம்பின் குணம் அறிந்த பழக்கமும் உண்டு. இரண்டையும் வெட்டிப் பிரிக்க அந்தக் காலத்தவருக்கு அவசியம் இருக்கவில்லை. கிரேக்கத்திலும் நிலைமை அதுவே. மருத்துவக் கடவுள் அசுக்கிளேப்பியசின் கோயிலில் படுத்துக் கனவில் குணம் தேடியவர்களும், ஹிப்போகிரட்டீசு மரபு மருத்துவரிடம் போனவர்களும் ஒரே ஊர்க்காரர்கள்தான்.

சங்க காலத்தில் மருத்துவன் என்பது மதிப்புள்ள பெயர். புறநானூற்றுப் புலவர்களில் ஒருவர் மருத்துவன் தாமோதரனார். நோயாளி கேட்கும் மருந்தைக் கொடுக்காமல், நோய்க்கு எது பொருந்துமோ அதை ஆராய்ந்து கொடுப்பவனே அறவோன் என்று நற்றிணைப் பாட்டு ஒன்று போகிற போக்கில் சொல்கிறது. மருத்துவத்துக்கு நோயாளி, மருத்துவன், மருந்து, உடனிருந்து பார்ப்பவன் என நான்கு உறுப்பு என்று திருக்குறளின் மருந்து அதிகாரம் முடிகிறது. ஆனால் அந்த அதிகாரத்தின் பத்துக் குறளிலும் பெரும்பகுதி உணவின் அளவைப் பற்றியது. கத்தியைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. மருத்துவம் என்றால் உணவும் மருந்தும் என்ற எண்ணம் அப்போதே வேரூன்றிவிட்டது.

இதே பிளவு கிரேக்க உலகிலும் தெரிகிறது. ஹிப்போகிரட்டீசு பெயரால் வழங்கும் உறுதிமொழி, சிறுநீர்ப்பைக் கல்லுக்காகக் கத்தி வைப்பதில்லை என்றும் அதை அந்தத் தொழிலில் பழகியவர்களுக்கு விட்டுவிடுவதாகவும் மருத்துவனைச் சொல்லவைக்கிறது. அதே மரபில் வந்த மற்ற நூல்களோ எலும்பு முறிவு, மூட்டு விலகல், தலைக்காயம் பற்றி வியக்கத்தக்க நுணுக்கத்தோடு எழுதுகின்றன. கி.மு. 3ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் ஹெரோபிலசும் எராசிசுதிராத்தசும் மனித உடலை அறுத்துப் பார்த்து, நரம்பு வேறு, குருதிக்குழாய் வேறு என்று பிரித்தறிந்தார்கள். அறுவைக்கு அடித்தளமான அந்த அறிவு உரோமுக்குப் போனபோது கிடைத்த வரவேற்பு சீராக இல்லை. கி.மு. 219இல் உரோமுக்கு வந்த அர்க்காகத்தசு என்ற கிரேக்க மருத்துவனுக்கு முதலில் குடியுரிமையும் அரசுச் செலவில் கடையும் தந்து, புண் ஆற்றுபவன் என்று கொண்டாடினார்கள். அவன் அறுப்பதையும் சுடுவதையும் பார்த்த பிறகு கொலையாளி என்று பட்டம் சூட்டிவிட்டார்கள் என்று உரோம எழுத்தாளர் பிளினி எழுதுகிறார்.

இதன் பக்கத்தில் தமிழ்ச் சான்று ஒன்றை வைத்துப் பார்ப்பது நல்லது. பெருமாள் திருமொழியில் குலசேகர ஆழ்வார், வித்துவக்கோட்டுப் பெருமானிடம் தனக்குள்ள பற்றைச் சொல்லத் தேர்ந்த உவமை அறுவை மருத்துவனும் நோயாளியும். ஆயுதத்தால் அறுக்கிறான், நெருப்பால் சுடுகிறான்; அப்படியும் நோயாளிக்கு அவன் மேல் உள்ள அன்பு குறைவதில்லை. உரோமில் எந்த இரண்டு செயலுக்காக ஒருவனைக் கொலையாளி என்றார்களோ, அதே இரண்டு செயல் இங்கே கடவுளின் அருளுக்கு உவமையாகிறது. கேட்பவருக்கு விளங்காத உவமையைப் பக்திப் பாடல் எடுத்தாளாது. எனவே அறுத்துச் சுடும் மருத்துவனைச் சேர நாட்டு மக்கள் பார்த்துப் பழகியிருந்தார்கள். கம்பனும் கும்பகருணன் வதைப் படலத்தில், உடம்பில் தோன்றிய கட்டியை அறுத்து, கெட்ட குருதியை வடித்து, சுட்டு, பிறகு மருந்து போடும் வரிசையை முறை மாறாமல் சொல்கிறான். அறுவை, அக்கினி, காரம் என்று சித்த மருத்துவம் வகுக்கும் முறைகளோடு இது பொருந்துகிறது.

நூல் வடிவில் இந்தியாவுக்குக் கிடைத்த அறுவைச் செல்வம் சுசுருத சங்கிதை. மழுங்கிய கருவிகளான யந்திரங்கள் 101, கூரிய கருவிகளான சத்திரங்கள் 20 என 121 கருவிகளை அது எண்ணுகிறது. வெட்டுதல், பிளத்தல், சுரண்டுதல், குத்துதல், துழாவுதல், பிடுங்குதல், வடித்தல், தைத்தல் என அறுவையை எட்டாக வகுக்கிறது. மாணவன் முதலில் பூசணி, சுரை, வெள்ளரியில் கத்தி ஓட்டிப் பழக வேண்டும். கிழிந்த குடலின் விளிம்புகளைச் சேர்த்துப் பெரிய கறுப்பு எறும்புகளைக் கடிக்கவிட்டு, தலை மட்டும் நிற்க உடலைக் கிள்ளி எறியும் முறையும் அதில் உண்டு. ஆனால் அந்நூலின் பெருமையைக் காப்பாற்றியவர்கள் பண்டிதர்கள் அல்லர். மூக்கு அறுபட்ட கவாசுஜி என்ற வண்டிக்காரருக்குப் புனே அருகே நெற்றித் தோலை மடித்து மூக்கு அமைத்த செய்தி 1794இல் இலண்டன் இதழொன்றில் வந்தது. செய்தவர் செங்கல் சூளைத் தொழில் செய்யும் சாதியைச் சேர்ந்தவர். அதைப் படித்துப் பழகிய கார்ப்பியூ என்ற ஆங்கிலேயர் 1814இல் இலண்டனில் அதே முறையில் மூக்கு அமைத்தார். வடமொழி நூல் ஒரு பக்கம் ஓதப்பட்டுக்கொண்டிருக்க, கை வேலை இன்னொரு சமூகத்தில் தந்தை மகனுக்குச் சொல்லிக் கொடுத்ததாக வாழ்ந்திருக்கிறது.

தாமிரபரணிச் சமவெளி இந்த வரலாற்றில் இரண்டு வகையில் வருகிறது. ஒன்று வணிகம். தாமிரபரணி கடலில் கலக்குமிடத்தில் இருந்த கொற்கையின் முத்துக்குளிப்பைப் பெரிப்ளூசு என்ற கிரேக்கக் கடல்வழிக் கையேடு குறிப்பிடுகிறது. மேற்குத் தொடர்ச்சி மலையின் மிளகு உரோமுக்கு உணவாக மட்டும் போகவில்லை. செல்சசின் மருந்துக் குறிப்புகளிலும், தியோசுகோரிதீசு எழுதிய மருந்துப்பொருள் நூலிலும் அது இடம்பெறுகிறது. தென்னாட்டு மலைச்சரக்கு கிரேக்க மருத்துவனின் உரலில் இடிபட்டது உறுதி.

இரண்டாவது, பாண்டிய அரசில் கோலோச்சிய வைத்தியக் குலம். திருநெல்வேலிக்கு வடக்கே இன்று உக்கிரன்கோட்டை என்று வழங்கும் ஊர், 8ஆம் நூற்றாண்டில் களக்குடி என்றும் கரவந்தபுரம் என்றும் பெயர் பெற்றிருந்தது. அவ்வூர் வைத்தியக் குலத்து மாறன் காரி, பராந்தக நெடுஞ்சடையனின் அமைச்சர். வேள்விக்குடிச் செப்பேடு அவரை வைத்தியர்களின் சிகாமணி என்ற பொருளில் போற்றுகிறது. மதுரை ஆனைமலையில் நரசிங்கப் பெருமாளுக்கு அவர் குடைந்த கோயிலின் கல்வெட்டுக்குக் கலியாண்டு 3871, அதாவது கி.பி. 770. கோயிலுக்கு நீர் தெளிக்கும் முன் அவர் இறந்துவிட, தம்பி மாறன் எயினன் முகமண்டபம் எடுத்து அந்தச் சடங்கை முடித்தார். திருப்பரங்குன்றக் குடைவரைக் கல்வெட்டில் வரும் சாத்தன் கணபதியும் கரவந்தபுரத்து வைத்தியரே. அவர் பாண்டியனின் மகாசாமந்தர். மூவரும் நோயாளியைப் பார்த்தார்களா என்பது கல்வெட்டின் அக்கறை அன்று. வைத்தியக் குலத்தில் பிறந்தவர் அமைச்சராகவும் படைத்தலைவராகவும் உயர முடிந்தது என்பதே அது காட்டும் உண்மை. அரசனின் உடலை நம்பி ஒப்படைத்த குலத்திடம் ஆட்சியையும் ஒப்படைப்பது இயல்பாக இருந்திருக்க வேண்டும்.

இந்த உயரத்திலிருந்து மூன்று நூற்றாண்டு இறங்கி வந்து திருமுக்கூடல் கல்வெட்டைப் படித்தால் அறுவை மருத்துவனின் இடம் தெரியும். பாலாறு, செய்யாறு, வேகவதி மூன்றும் கூடும் இடத்தில் உள்ள வேங்கடேசப் பெருமாள் கோயில் சுவரில் வீரராசேந்திர சோழன் காலத்துக் கல்வெட்டு இருக்கிறது. காலம் 1068 அளவில். கோயிலோடு ஒரு கல்விச்சாலை, அதன் மாணவர்களுக்கு விடுதி, அவர்களுக்கும் கோயில் பணியாளர்களுக்குமாக வீரசோழன் என்ற பெயரில் ஆதுலர்சாலை என்னும் ஒரு மருத்துவமனை. படுக்கை 15. படுத்திருப்போருக்கு நாள்தோறும் ஆளுக்கு ஒரு நாழி அரிசி. இரவில் எரியும் விளக்குக்கு எண்ணெய் வரை ஒதுக்கீடு எழுதப்பட்டிருக்கிறது.

ஊழியர் பட்டியலில் முதலில் வருபவர் ஆலப்பாக்கத்துச் சவர்ணன் கோதண்டராமன் அசுவத்தாம பட்டன். நாடி பார்த்து மருந்து சொல்லும் மருத்துவர். அவருக்கு ஆண்டுக்கு நெல் 90 கலமும் 8 காசும். அடுத்து, சல்லியக்கிரியை, அதாவது அறுவை, பண்ணுவான் ஒருவன்: நெல் 30 கலம். மூலிகை பறித்து, விறகு கொண்டுவந்து, மருந்து கூட்டும் இருவருக்கு 60 கலம். நோயாளிக்கு மருந்து காய்ச்சிக் கொடுத்துப் பணிவிடை செய்யும் பெண்கள் இருவருக்கு 30 கலம். நாவிதனுக்கு 15 கலம். தண்ணீர் எடுப்பவனுக்கும் அதே. ஒரு கலம் 12 குறுணி என்பதால், மருத்துவருக்கு நாளொன்றுக்கு மூன்று குறுணியும் அறுவை செய்பவருக்கு ஒரு குறுணியும் வருகிறது. அறுவை செய்பவரின் நெற்கூலி மருத்துவருடையதில் மூன்றில் ஒரு பங்கு. மூலிகை பறிப்பவருடையதற்குச் சமம். நாவிதனுடையதைப் போல இரு மடங்கு.

நெல்லின் அளவைவிட வருத்துவது இன்னொன்று. மருத்துவரின் பெயர், தந்தை பெயர், ஊர், கோத்திரத் தகுதி எல்லாம் கல்லில் நிற்கின்றன. அறுவை செய்தவருக்குப் பெயரே இல்லை. செய்யும் வேலையே பெயர். பதவிக்கு யார் வந்தாலும் சரி என்ற அளவில்தான் அந்த இடம் கருதப்பட்டது. அதற்காகச் சோழர் ஏற்பாட்டின் அருமையைக் குறைத்துச் சொல்வதற்கில்லை. 15 படுக்கை உள்ள ஒரு சிறு மருத்துவமனையில், 11ஆம் நூற்றாண்டில், அறுவைக்கென்று நிரந்தரமாக ஓர் ஆளை அமர்த்தியிருந்தது பெரிய செய்தி. ஓராண்டுக்கு வேண்டிய மருந்துகளின் கையிருப்புப் பட்டியலும் அங்கே உண்டு: வாசாகரீதகி, தசமூல அரீதகி, பில்வாதி கிருதம், கல்யாண லவணம், கண்ணுக்கான சுநேத்திரி, பழைய நெய்யான புராண கிருதம் என்று நீள்கிறது. குந்தவைப் பிராட்டி தஞ்சையில் தன் தந்தை பெயரால் நிறுவிய சுந்தரசோழ விண்ணகர் ஆதுலசாலையும், அதற்கு விட்ட மருத்துவக்காணி நிலமும் இதற்கு முந்தியவை. திருவரங்கம் கோயிலில் தன்வந்திரி சன்னதியை ஒட்டி ஆரோக்கியசாலை இயங்கியது.

உரோமப் பேரரசிலும் மருத்துவமனை இருந்தது, அது படைக்கானது. ரைன், தானூபு எல்லைக் கோட்டைகளில் நீண்ட நடைகூடத்தின் இரு புறமும் சிறு அறைகள் கொண்ட கட்டடங்களைத் தோண்டி எடுத்திருக்கிறார்கள். கி.பி. 79இல் எரிமலைச் சாம்பலில் புதைந்த பொம்பேயில், மருத்துவர் வீடு என்று அடையாளம் காணப்பட்ட இடத்திலிருந்து வெண்கலத்திலும் இரும்பிலும் செய்த அறுவைக் கருவிகள் கிடைத்தன. நல்ல அறுவையாளன் எப்படி இருக்க வேண்டும் என்று செல்சசு தன் நூலின் ஏழாம் பகுதியில் விளக்குகிறார்: இளமை, நடுங்காத கை, இடக்கையும் வலக்கையைப் போலப் பழகியிருப்பது, கூரிய பார்வை, நோயாளியின் அலறலைக் கேட்டு அவசரப்படாத, தேவைக்குக் குறைவாக அறுக்காத மனம். காலென் கி.பி. 157இல் பெர்கமோனில் வாட்போர் வீரர்களின் மருத்துவராக அமர்ந்து, அவர்களின் காயங்கள் வழியே உடலமைப்பைக் கற்றார். அவர் மருந்தும் அறிந்தவர், கத்தியும் அறிந்தவர். அந்த இணைப்பு ஒரே ஆளிடம் இருந்ததால்தான் அவர் எழுத்து 1,300 ஆண்டுகளுக்குமேல் ஐரோப்பாவை ஆண்டது.

பொதிகை மலையைச் சுற்றியுள்ள மரபு அறுவையை அகத்தியரோடும் தேரையரோடும் சேர்த்துச் சொல்கிறது. கடையத்துக்கு அருகே உள்ள தோரணமலையில் இந்தக் கதை இன்றும் வழங்குகிறது. அரசன் ஒருவனின் தீராத தலைவலிக்கு அகத்தியர் கபாலத்தைத் திறந்தபோது உள்ளே தேரை இருந்தது. சீடன் ஒரு பாத்திரத்தில் தண்ணீரைக் காட்ட, அது தாவிக் குதித்தது. அதனால் அந்தச் சீடருக்குத் தேரையர் என்று பெயர். இதே கதைக்கரு பாலி மொழிப் பௌத்த நூலான விநயத்தில் சீவகன் கதையிலும், போசராசன் கதையிலும் வருகிறது. எனவே இதைத் திருநெல்வேலியில் நடந்த அறுவையின் பதிவாகக் கொள்வது பொருந்தாது. ஆனால் மண்டையோட்டைத் திறக்கலாம் என்ற எண்ணம் வெறும் கற்பனை அன்று. காசுமீரத்துப் புர்சகோமில் கிடைத்த புதிய கற்காலத்து மண்டையோட்டில் துளையிட்ட தடங்கள் தெளிவாக உள்ளன.

கதையை விட்டுச் சித்த மருத்துவ நூல்களுக்கு வந்தால் உறுதியான தரை கிடைக்கும். அவை புறமருந்தை 32 ஆக எண்ணுகின்றன. ஒற்றடம், வேது, பற்று, களிம்பு போன்ற எளியவற்றோடு கீறல், அறுவை, சுட்டிகை, சலாகை, காரம், கொம்பு கட்டல், அட்டை விடல், குருதி வாங்கல், முறிச்சல் ஆகியவையும் அந்த எண்ணில் அடங்கும். கண்ணோய் 96 என்று நாகமுனிவர் பெயரால் வழங்கும் நயனவிதி நூல் வகுக்கிறது. கண்ணில் விழுந்த புரையைச் சலாகையால் ஒதுக்கும் முறை இந்தியா முழுதும் இருந்தது. செல்சசும் அதே வேலையை ஊசியால் செய்யச் சொல்கிறார். தஞ்சையில் இரண்டாம் சரபோசி (1798–1832) கண் நோயாளிகளின் விவரங்களை, கண்ணின் வண்ணப் படத்தோடு, ஒவ்வொருவருக்கும் தனித் தாளில் எழுதிவைத்தார். சரசுவதி மகால் நூலகத்தில் அந்தத் தாள்கள் உள்ளன. நோயாளி வந்த நாள் நிலை, சிகிச்சைக்குப் பின் நிலை என்று குறித்துவைக்கும் பழக்கம் முன்பே பரவியிருந்தால் தமிழ் அறுவை மருத்துவத்தின் கதை வேறாக இருந்திருக்கும்.

வள்ளியூரிலிருந்து தெற்கே ஆரல்வாய்மொழிக் கணவாயைக் கடந்தால் நாஞ்சில் நாடு. இந்தத் தென்கோடியில் கத்தியில்லாத ஓர் அறுவைத் துணைக்கலை வேர்விட்டது. அடிமுறை ஆசான்கள் வழி வந்த வர்ம மருத்துவம், படுவர்மம் 12, தொடுவர்மம் 96 என உடலின் 108 இடங்களை அறிந்து, அடிபட்டவனை எழுப்புவது, விலகிய மூட்டை ஏற்றுவது, முறிந்த எலும்பைக் கட்டுவது ஆகியவற்றைச் செய்தது. உளுந்து மாவையும் முட்டை வெள்ளையையும் குழைத்துப் பற்றுப்போட்டு, மூங்கில் பத்தை வைத்துச் சீலையால் இறுக்கிக் கட்டுவது இன்றும் பல ஊர்களில் உண்டு. சண்டை கற்பித்தவரே சிகிச்சையும் செய்ததால் இங்கே அறிவும் கையும் பிரியவில்லை. அதனால்தான் இந்தக் கலை சுவடியோடு நிற்காமல் ஆளோடு பிழைத்தது.

பிரிந்த இடங்களில் நேர்ந்தது வேறு. கட்டி கீறுவது, புண் ஆற்றுவது, பல் பிடுங்குவது எல்லாம் சவரக் கத்தி வைத்திருந்த மருத்துவர் சமூகத்தாரின் வேலையாயிற்று. அச்சமூகத்துப் பெண்கள் மருத்துவச்சிகளாக ஊரிலுள்ள எல்லா வீட்டுப் பிள்ளைகளையும் பூமிக்குக் கொண்டுவந்தார்கள். தென்னிந்தியச் சாதிகள் பற்றி 1909இல் வெளிவந்த தர்சுடனின் தொகுப்பு இதைப் பதிவு செய்கிறது. ஊருக்கே உயிர் கொடுத்த கைகளை ஊர் தாழ்த்தி வைத்தது. உடலைத் தொட்டால் தீட்டு என்ற எண்ணமும், பிணத்தை அறுத்துப் பார்க்கத் தடையாக இருந்த அச்சமும், ஏடு படித்தவர்களைக் கத்தியிடமிருந்து விலக்கின. கத்தி பிடித்தவர்களுக்கு ஏடு எட்டவில்லை. ஐரோப்பாவிலும் நாவித அறுவையாளர்கள் இருந்தார்கள். இலண்டனில் 1540இல் அறுவையாளரும் நாவிதரும் ஒரே சங்கமாக இணைந்து, 1745இல் பிரிந்தார்கள். பிரிந்த அறுவையாளர்கள் உடற்கூறு படித்து மருத்துவருக்குச் சமமாக உயர்ந்தார்கள். தமிழகத்து நாவித மருத்துவருக்கு அந்தப் படி கட்டப்படவில்லை.

ஏட்டையும் கத்தியையும் தமிழிலேயே மீண்டும் சேர்க்க முயன்றவர் யாழ்ப்பாணம் மானிப்பாயில் பணியாற்றிய அமெரிக்க மிஷன் மருத்துவர் சாமுவேல் பிசுக் கிறீன். உடற்கூற்றை அங்காதிபாதம் என்றும், அறுவையை இரணவைத்தியம் என்றும் நூலாக்கி, தமிழ் மாணவர்களுக்குத் தமிழில் கற்பித்தார். இரணவைத்தியம் 1867இல் வெளிவந்தது. தென் திருவிதாங்கூரில் 1838இல் தொடங்கிய நெய்யூர் மருத்துவமனையில், 1922லும் 1924லும் எவரெசுட்டு ஏறச் சென்ற குழுக்களில் இருந்த சாமர்வெல் பல ஆண்டுகள் அறுவை மருத்துவராக இருந்தார். அப்பகுதியில் மிகுந்திருந்த குடற்புண்ணுக்கு அவர் செய்த அறுவைகள் பெயர்பெற்றவை. பாளையங்கோட்டையில் 1964இல் அரசு சித்த மருத்துவக் கல்லூரி தொடங்கியது.

பழைய முறைகளில் இன்றைய ஆய்வுக்கூடத்தின் தேர்வைத் தாங்கி நிற்பது காரநூல். உறுதியான நூலில் கள்ளிப்பாலைப் பலமுறை தடவி உலர்த்தி, நாயுருவிச் சாம்பலிலிருந்து எடுத்த காரத்தையும் மஞ்சளையும் ஏற்றி, ஆசனவாய்ப் பவுத்திரத்தின் துளை வழியே கோத்துக் கட்டுகிறார்கள். வாரத்துக்கு ஒரு முறை நூலை மாற்ற மாற்ற, அது மெல்ல அறுத்துக்கொண்டே ஆற்றியும் வருகிறது. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் பல மருத்துவமனைகளில் நடத்தி 1991இல் வெளியிட்ட ஆய்வில், ஓராண்டுக்குள் நோய் திரும்பியது காரநூல் கட்டியவர்களில் 4 விழுக்காடு, கத்தி அறுவை செய்துகொண்டவர்களில் 11 விழுக்காடு. ஆறுவதற்குக் காரநூலுக்கு 8 வாரம், அறுவைக்கு 4 வாரம். ஹிப்போகிரட்டீசு தொகுதியிலுள்ள பவுத்திர நூலும் ஏறத்தாழ இதே வழியைச் சொல்கிறது: பச்சை ஆளி நார் இழையைக் குதிரைமயிரோடு முறுக்கித் துளையில் கோத்து, நாள்தோறும் இறுக்கிக்கொண்டே வர வேண்டும். அந்த இழையில் மருந்து இல்லை. தமிழகத்திலும் வடநாட்டிலும் வழங்கிய நூலில் மருந்து ஏறியிருந்தது.